அதிகம் பேர் பார்த்திராத பழைய ஜப்பானிய ஊமைப்படம் ஒன்றைப் பரிந்துரைக்க முடியுமா?

மிக்கியோ நருசே 1933இல் எடுத்த 'யோகோதோ நோ யுமே'. தமிழில் 'இரவுதோறும் கனவு' என்று வைத்துக்கொள்ளலாம். ஒரு மணி நேரத்துக்குச் சற்றே கூடுதல், அவ்வளவுதான்.

1933இல் ஊமைப்படமா என்று தோன்றும். ஜப்பானில் பேசும்படம் 1931லேயே ஓடி ஜெயித்துவிட்டது. ஆனால் திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்லும் 'பென்ஷி'களுக்கு அங்கே நடிகர்களுக்கு இணையான மவுசு. அதனால் ஊமைப்படம் லேசில் சாகவில்லை.

கதை முழுக்கச் சொல்லப்போகிறேன், வேண்டாதவர்கள் இங்கேயே நிறுத்திக்கொள்ளுங்கள். ஒமித்சு டோக்கியோ துறைமுகத்துப் பாரில் வேலை செய்து சின்னப் பையனை வளர்க்கிறாள். விட்டுவிட்டுப் போன புருஷன் ஒருநாள் வந்து நிற்கிறான். முதலில் விரட்டுகிறாள், பிறகு மனசு இளகிச் சேர்த்துக்கொள்கிறாள். அவனும் நல்லவன்தான். ஆனால் பஞ்ச காலம். போகிற இடமெல்லாம் வேலை இல்லை. பையன் காரில் அடிபடுகிறான். வைத்தியச் செலவுக்காக அப்பன் திருடுகிறான். அந்தப் பணத்தை அவள் தொட மறுத்து, போலீசில் சரணடையச் சொல்கிறாள். அவனோ தண்ணீரில் விழுந்து செத்துப்போகிறான்.

இந்த இடத்தில் ஒரு நீண்ட அழுகைக்கு நான் தயாராக இருந்தேன். ஒமித்சு அவன் எழுதிவைத்த கடிதத்தைப் பல்லால் கடித்துக் கிழிக்கிறாள். கோழை என்று திட்டுகிறாள். துக்கம் இல்லாமல் இல்லை, ஆனால் கோபம் அதைவிடப் பெரிதாக இருக்கிறது. 'போய்ச் சேர்ந்துட்டே, நான்ல இருந்து பாடுபடணும்' என்கிற கோபம். எனக்கு இந்தப் படம் பிடித்துப்போனது அந்தப் பல்லுக்காகத்தான்.

ஒரு குறை: கேமரா சட்டென்று முகத்தை நோக்கிப் பாய்ந்துகொண்டே இருக்கும். இரண்டு தடவை நன்றாக இருக்கிறது, பத்தாவது தடவை எரிச்சல். நருசேக்கு அப்போது 28 வயதுகூட ஆகவில்லை, போகட்டும்.

ஒமித்சுவாக வருபவர் சுமிகோ குரிஷிமா, ஷோச்சிக்கு நிறுவனத்தின் முதல் பெரிய நட்சத்திரம். 1956இல் நருசேயின் 'நகரேரு'வில் வயதான பெண்மணியாகத் திரும்பி வருவார். நருசே எடுத்த 24 ஊமைப்படங்களில் மிஞ்சியவை ஐந்துதான். அந்த ஐந்தும் ஒரே டிவிடி தொகுப்பாக வந்திருக்கின்றன. தேடுகிறவர்கள் அங்கிருந்து ஆரம்பிக்கலாம்.