ஊருணியில் பூத்தது பட்டர்கப் இல்லை

வணக்கம். தேவிபட்டினம் பக்கத்து ஊருணியில் எடுத்த வெள்ளைப் பூவைச் செல்போன் செயலி 'ரனன்குலஸ் அக்வாட்டிலிஸ்' (நீர் பட்டர்கப் என்ற நீர்ச்செடி) என்கிறது, மகளின் செடித் தொகுப்பில் அப்படியே எழுதலாமா என்று கேட்டிருந்தீர்கள். தயவுசெய்து எழுத வேண்டாம்.

அந்த நீர் பட்டர்கப் குளிர்ந்த தண்ணீரில் வளர்வது. ஐரோப்பாவிலும் வட அமெரிக்காவின் மேற்கிலும் உண்டு. நம் நாட்டில் அதன் நெருங்கிய சொந்தங்களைப் பார்க்கவே காஷ்மீர், லடாக் என்று போக வேண்டும்.

அதற்கும் உங்கள் பூவுக்கும் வெள்ளை இதழ், நடுவில் மஞ்சள். குழப்பம் வரத்தான் செய்யும். ஆனால் உங்கள் படத்தைப் பெரிதாக்கிப் பாருங்கள். இதழ் முழுக்கப் பஞ்சு ஒட்டியது போல வெள்ளை முடி! பட்டர்கப் இதழ் வழவழவென்று இருக்கும், ஒவ்வொன்றும் தனித்தனியாகக் கழன்று வரும், நடுவில் மகரந்தக் காம்புகள் கொத்தாக நிற்கும். உங்கள் பூவில் அவை ஐந்துதான், இதழ்களும் அடியில் ஒட்டியிருக்கின்றன.

இலை இன்னும் தெளிவாகச் சொல்லும். பட்டர்கப்பின் நீருக்குள் இருக்கும் இலைகள் நூல் நூலாகப் பிரிந்தவை. வெளியே எடுத்தால் நனைந்த தூரிகை மாதிரி ஒட்டிக்கொள்ளும். உங்களுடையது ஆம்பல் இலை போல வட்டமாக மிதக்கிறது.

என் கணிப்பு, இது நிம்ஃபாய்டிஸ் இண்டிகா என்ற வேறொரு நீர்ச்செடி. ஓர் இலையைக் காம்போடு இழுத்துப் பாருங்கள். பூங்கொத்து இலைக்குச் சற்றுக் கீழே, காம்பிலிருந்தே கிளம்பினால் அதுதான். அப்புறம், பூவைக் காலையிலேயே பறித்து உடனே தாளில் அழுத்திவிடுங்கள், சீக்கிரம் வாடிவிடும்.