கண்ணுக்கு ஒரு சட்டம், காதுக்கு ஒரு சட்டம்

கேள்வி: வடசென்னை கானா பாடகர்களைப் பற்றி ஆவணப்படம் எடுத்திருக்கிறேன். சாவு வீட்டில் ஒருவர் பழைய சினிமா மெட்டில் சொந்த வரிகளைப் பாடுகிறார். இன்னொரு காட்சியில், டீக்கடைப் பேட்டியின் பின்னால் எஃப்.எம்.மில் சினிமா பாட்டு ஓடுகிறது. பாடகர் வாயால் சம்மதித்துவிட்டார். வெளியிடலாமா?

பதில்: இப்படியே வேண்டாம்.

முதலில் டீக்கடை. ‘ஏழு செகண்டுக்குள் இருந்தால் கேஸ் வராது’ என்று யாராவது சொல்லியிருப்பார்கள். 1957 காப்பிரைட் சட்டத்தில் அப்படிச் செகண்ட் கணக்கே கிடையாது. ‘தற்செயலாகப் பின்னணியில் வந்தால் பரவாயில்லை’ என்று 52ஆம் பிரிவு சொல்வது ஓவியம், போட்டோ, சிலை போன்றவற்றுக்கு மட்டும். கடைச் சுவரில் தொங்கும் சாமி படமோ, தெருமுனைக் கண்ணீர் அஞ்சலி பேனரோ பின்னணியில் தெரிந்தால் அனுமதி தேவையில்லை. அதே சுவரில் இருக்கும் ரேடியோவின் பாட்டுக்குத் தேவை. சட்டம் எழுதியவர்கள் டீக்கடைப் பக்கம் போனதில்லை போல.

ரேடியோ பாட்டில் மெட்டுக்கு ஒரு உரிமை, வரிகளுக்கு ஒரு உரிமை, ஒலிப்பதிவுக்கு வேறொரு உரிமை. மூன்றும் வாங்க வேண்டும். பேச்சை வெட்டி ஒட்டினால் பின்னாலுள்ள பாட்டும் துள்ளும். ரேடியோவை அணைத்துவிட்டுப் பேட்டியை மறுபடி எடுப்பதுதான் மலிவு. அந்தக் கடையின் வெறும் சத்தத்தை ஒரு நிமிடம் தனியாகப் பதிந்து வாருங்கள், ஒட்டுப்போட உதவும்.

கானாவில் வரி பாடகருடையது, மெட்டு இன்னொருவருடையது. அவரே பாடுவதால் பழைய ஒலிப்பதிவுக்கு அனுமதி வேண்டாம், மெட்டுக்கு வேண்டும். இங்கேதான் புரோக்கர் வருவார். மேடையில் பாட வாங்கும் லைசென்ஸ் வேறு, படத்தில் சேர்க்க வாங்கும் சிங்க் லைசென்ஸ் வேறு. முதலாவதைக் காட்டி இரண்டாவதன் விலையைக் கறப்பார்கள். தயாரிப்பாளரிடமிருந்து இன்றைய உரிமையாளர்வரை கைமாறிய பத்திரங்களைக் கேளுங்கள். பணத்தை உரிமையாளர் கணக்கில் மட்டும் போடுங்கள். நிலத்துக்கு வில்லங்கச் சான்று போட்டுப் பார்க்கலாம், பாட்டுக்கு முடியாது. பதிவு கட்டாயமில்லை என்பதால் பதிவேட்டிலும் முழு விவரம் இருக்காது. இத்தனை வருஷமாகியும் இதுதான் நிலைமை.

பாடகரின் வாய்ச் சம்மதம் போதாது. அவருடைய பாட்டு வரிகளுக்கு எழுத்து ஒப்பந்தம் வேண்டும். அதில் காலம் எழுதாவிட்டால் ஐந்தே வருஷம், இடம் எழுதாவிட்டால் இந்தியாவுக்குள் மட்டும் என்று சட்டம் எடுத்துக்கொள்ளும். வெளிநாட்டு விழாவுக்கு அனுப்பும்போது மாட்டுவீர்கள். பாட்டின் முதல் வரி, காலம், நாடுகள், திரையரங்கா யூடியூபா, தொகை எல்லாவற்றையும் தமிழில் எழுதி, வாசித்துக் காட்டி, ஒரு பிரதி அவரிடம் கொடுங்கள். அவர் பாடியதற்கான உரிமை தனி, அதையும் அதே தாளில் சேருங்கள்.

கையெழுத்தைச் சாவு வீட்டில் வாங்காதீர்கள். பாட்டில் இறந்தவரின் பெயர் வரும். பதினாறாம் நாள் காரியம் முடிந்தபின் அந்த வீட்டுக்குப் போய், வெட்டி ஒட்டிய காட்சியைப் போட்டுக் காட்டிவிட்டு, அவர்களிடமும் சம்மதம் கேளுங்கள்.