பவளப்பாறை வெளுத்துவிட்டால் அது இறந்துவிட்டது என்று பொருளா?

லட்சத்தீவில் எடுத்த வெள்ளைப் பவளங்களின் படத்தைப் பார்த்துவிட்டு, அவை செத்துவிட்டனவா, மீண்டும் தேறுமா என்று கேட்டிருக்கிறீர்கள். வெளுத்த பவளம் இன்னும் சாகவில்லை, பட்டினி கிடக்கிறது.

பவளம் ஒரு சிறு கடல் உயிரினம். அதன் சதைக்குள் குடியிருக்கும் நுண்பாசிகள் வெயிலைக் கொண்டு உணவு தயாரித்து, அதற்கு வேண்டிய ஆற்றலில் 90 விழுக்காடு வரை கொடுக்கின்றன. அதன் நிறமும் பெரும்பாலும் அவற்றால் வருவதுதான். கோடையின் வழக்கமான உச்சத்தைவிடக் கடல்நீர் ஒரு டிகிரி கூடுதலாகச் சூடாகி, சில வாரங்கள் அப்படியே இருந்தாலே பாசியின் ஒளிச்சேர்க்கை நிலைகுலைந்து நச்சுத்தன்மையுள்ள ஆக்சிஜன் சேர்மங்கள் பெருகுவதால், பவளம் அதை வெளியே தள்ளிவிடுகிறது. எஞ்சிய சதை கண்ணாடி போல் இருப்பதால், அடியிலுள்ள சுண்ணாம்புக் கூடு வெள்ளையாகத் தெரிகிறது. அருகில் போய்ப் பார்த்தால், அந்த வெண்மையின் மேலேயே நுண்ணிய உணர்கொம்புகள் அசைவதைக் காணலாம். உண்மையில் இறந்த பவளமோ நெடுநாள் வெண்மையாக இருப்பதில்லை. விரைவிலேயே பச்சையும் பழுப்புமாக வேறு வகைப் பாசி அதன்மேல் படர்ந்துவிடும். எனவே, படத்தில் நாம் அஞ்ச வேண்டியது வெள்ளையை அன்று, அந்த அழுக்குப் பச்சையை.

வெப்பம் விரைவில் தணிந்தால், வெளியேறிய நுண்பாசி திரும்பி வந்து சேரும். வெப்பம் நீடித்தால் கிளைவிடும் பவளங்கள் முதலில் மடிகின்றன. உருண்டைக் கல் போல் வளரும் பவளங்கள் பெரும்பாலும் தாக்குப்பிடிக்கின்றன. ஆனால் வேகமாக வளரும் இனங்கள்கூட ஒரு பெரிய அழிவிலிருந்து மீளப் பத்தாண்டுகள் போல ஆகும். 1980களின் தொடக்கத்தில் ஒரே பாறைத்திட்டு இருமுறை கடுமையாக வெளுப்பதற்கு இடையே 25 முதல் 30 ஆண்டுகள் இருந்தன. 2016 வாக்கில் அந்த இடைவெளி ஆறு ஆண்டுகளாகச் சுருங்கிவிட்டது. லட்சத்தீவு 1998, 2010, 2016, 2024 என நான்கு முறை வெளுத்திருக்கிறது. 1998-க்குப் பின் அங்கே உயிருள்ள பவளப் பரப்பு ஏறத்தாழப் பாதியாகிவிட்டது.

நான் மும்பையில் சயானில் வசித்தாலும், சொந்த ஊர் தூத்துக்குடி. மன்னார் வளைகுடாத் தீவுகளைச் சுற்றியுள்ள பாறைகளை ஒருகாலத்தில் சுண்ணாம்புக்காக வெட்டியெடுத்தார்கள். சட்டத்தால் அது நின்றது. பிறகு, மண்டபம் பக்கம் வளர்ப்புக்காகக் கொண்டுவந்த அயல் கடற்பாசி குருசடைத் தீவின் பவளங்கள் மேல் படர்ந்தது. அதையும் ஆட்களைக் கொண்டு அகற்ற முடிகிறது. 2010-லும் 2016-லும் வந்த வெப்பத்தை மட்டும் எந்த வனத்துறையாலும் தடுத்திருக்க முடியாது.

எங்கள் மும்பையிலும் பவளம் உண்டு என்றால் இங்குள்ளவர்களே நம்புவதில்லை. கலங்கிய நீரில் பாறையோடு ஒட்டிய சிறு கூட்டங்கள்தாம், லட்சத்தீவுபோல் திட்டுக் கட்டுபவை அல்ல. கடற்கரைச் சாலைக்காக 2020-இல் ஹாஜி அலியிலிருந்து அவற்றைப் பெயர்த்துக் கொலாபாவின் நேவி நகர்ப் பக்கம் கொண்டுபோய் ஒட்டினார்கள். அந்த முயற்சி பாராட்டத்தக்கதே. ஆனால் இதைக் காட்டி, வெளுப்புக்கும் இடமாற்றமே தீர்வு என்று சிலர் எழுதுவதை ஏற்க இயலாது. சாலைப் பணி ஒரு குறிப்பிட்ட இடத்தோடு நின்றுவிடுகிறது. 2023-இல் தொடங்கிய உலகளாவிய வெளுப்போ உலகப் பவளத்திட்டுப் பரப்பில் 80 விழுக்காட்டுக்கும் மேல் வெப்பத் தாக்குதலுக்கு உள்ளாக்கியது. பெயர்த்துக் கொண்டுபோய் வைக்கும் இடத்திலும் அதே சூடான நீர்தான் இருக்கும்.