ஆறு வருஷமும் வீண்தானா, அக்கா?

கேள்வி: அன்புள்ள அக்காவுக்கு, எனக்கு வயது 34. சொந்த ஊர் நாகர்கோவில் பக்கம். இயற்பியலில் பிஎச்.டி. சேர்ந்தேன். சூரிய வெளிச்சத்தை அளக்கும் கருவியைக் குறைந்த செலவில் செய்வதுதான் ஆய்வு. கருவியும் செய்தேன், இரண்டு கட்டுரைகளும் வெளிவந்தன. நடுவில் கல்யாணம், ஓசூருக்குக் குடிமாற்றம், குழந்தை. தீசிஸ் எழுதுவது தள்ளித் தள்ளிப் போய் ஆறு வருஷம் முடிந்துவிட்டது. பதிவுக்காலம் முடிந்தது, இனி ஒன்றும் செய்ய முடியாது என்று போனிலேயே சொல்லிவிட்டார்கள். மாமியார், "இருக்கிற டிகிரியை வச்சு டீச்சர் வேலைக்குப் போம்மா" என்கிறார். எந்த விசேஷத்துக்குப் போனாலும் "இன்னும் டாக்டர் ஆகலையா" என்று கேட்கிறார்கள். டிகிரி இல்லாவிட்டால் இந்த ஆறு வருஷமும் வீண்தானா?

பதில்:

அன்புத் தங்கைக்கு,

வெளிச்சத்தை அளக்கும் கருவி என்ற இடத்துக்கு வந்ததுமே எனக்கு அன்னா மணி ஞாபகம் வந்துவிட்டார். இயற்பியல் படித்தவர்களிலேயே நிறையப் பேருக்கு இந்தப் பெயர் தெரியாது. சி.வி.ராமனைத் தெரியும், ராமன் விளைவு தெரியும், அவருடைய ஆய்வகத்தில் ராத்திரி ராத்திரியாக உட்கார்ந்து வேலை பார்த்த இந்த அம்மாவைத் தெரியாது. உங்கள் கேள்விக்கு நேரான பதில் அவர் வாழ்க்கையில் இருக்கிறது, அதை முதலில் சொல்கிறேன். அப்புறம் நீங்கள் செய்ய வேண்டியது.

1918 ஆகஸ்ட் 23-ல் பிறந்தவர். ஊர் பீர்மேடு, அப்போது திருவிதாங்கூர் சமஸ்தானம். அப்பா சிவில் இன்ஜினியர், ஏலக்காய்த் தோட்டமும் இருந்தது, எட்டுப் பிள்ளைகளில் இவர் ஏழாவது. வசதிக்குக் குறைவில்லை. ஆனால் பையன்களுக்குப் படிப்பும் உத்தியோகமும், பெண்களுக்குக் கல்யாணம் என்று முன்னாலேயே முடிவு செய்துவைத்திருந்த வீடு. எட்டாவது பிறந்தநாளுக்கு வழக்கப்படி வைரத்தோடு போட வந்தபோது, தோடு வேண்டாம், என்சைக்ளோபீடியா பிரிட்டானிக்கா வேண்டும் என்று கேட்டு வாங்கிக்கொண்டவர். வைக்கம் சத்தியாகிரக நேரத்தில் காந்தி வந்துபோனதற்குப் பிறகு கதர் உடுத்த ஆரம்பித்தார். கடைசி வரை கல்யாணம் செய்துகொள்ளவில்லை.

சென்னை மாநிலக் கல்லூரியில் இயற்பியல் ஆனர்ஸ் முடித்தார், 1939-ல். அடுத்த வருஷம் உதவித்தொகையோடு பெங்களூரு இந்திய அறிவியல் கழகம், அங்கே ராமனின் ஆய்வகம். அவருக்குக் கொடுத்த வேலை வைரமும் மாணிக்கமும். முப்பதுக்கு மேற்பட்ட வைரங்களை எடுத்து, எது எந்த நிறத்தில் ஒளிர்கிறது, எந்த வெளிச்சத்தை உறிஞ்சுகிறது, சூடாக்கினால், குளிர்வித்தால் என்ன ஆகிறது என்று ஒவ்வொன்றாகப் பதிவு செய்தார். வைரம் கொடுக்கிற வெளிச்சம் மிக மெல்லியது, அதைப் போட்டோ எடுக்கும் தகட்டில் பிடிக்க 15 மணி நேரம், 20 மணி நேரம் காட்டிக்கொண்டே இருக்க வேண்டும், அதனால் பல ராத்திரிகள் ஆய்வகத்திலேயே கழிந்தன. அந்த ஆய்வகத்தில் ஆண்களும் பெண்களும் கலந்து பேசிக்கொள்வதை ராமன் விரும்பமாட்டார். கருவியைக் கையாளும்போது ஒரு பெண் சின்னதாகத் தவறு செய்தாலும், பார்த்தாயா, பெண்ணுக்கு இதெல்லாம் வராது என்று ஊரெல்லாம் சொல்ல ஆள் இருந்தது. இதற்கு நடுவில்தான் 1942-லிருந்து 1945-க்குள் ஐந்து கட்டுரைகள், ஐந்திலும் இவர் பெயர் மட்டும்.

அப்புறம் தீசிஸ். அந்தக் காலத்தில் இந்திய அறிவியல் கழகம் நேராகப் பட்டம் கொடுக்காது, அங்கே செய்த ஆய்வுக்குச் சென்னைப் பல்கலைக்கழகம்தான் கொடுக்க வேண்டும். 1945 ஆகஸ்டில் ஆய்வேட்டைக் கொடுத்தார். உங்களிடம் எம்.எஸ்சி. இல்லை, அதனால் பிஎச்.டி. கிடையாது என்று சொல்லிவிட்டார்கள். ஆனர்ஸ் முடித்தவர், அந்த ஆனர்ஸை நம்பித்தான் ஆராய்ச்சிக்கு உதவித்தொகையே கிடைத்தது, ஐந்து வருஷ வேலை எழுத்தில் கண் முன்னால் கிடக்கிறது. இதெல்லாம் கணக்கில் வரவில்லை. மற்றவர்களின் ஆய்வேடுகளைப் போலவே பைண்டு செய்யப்பட்ட அவருடைய ஆய்வேடு இன்றும் ராமன் ஆராய்ச்சி நிலையத்தின் நூலகத்தில் இருக்கிறது. மற்றவற்றுக்குப் பட்டம் உண்டு, இதற்கு இல்லை, அவ்வளவுதான் வித்தியாசம்.

இங்கே கொஞ்சம் நிற்கிறேன், ஏனென்றால் நீங்கள் இப்போது நிற்கிற இடமும் இதுதான்.

பிற்காலத்தில் இதைப் பற்றிக் கேட்டபோது அவர் கசப்பே இல்லாமல், அந்தப் பட்டம் இல்லாததால் தன் வாழ்க்கையில் பெரிதாக எதுவும் மாறிவிடவில்லை என்றுதான் சொல்லியிருக்கிறார். பெண் என்பதால் தடை வந்ததா என்று கேட்டாலும் இல்லை என்பார். தன்னைப் பற்றி அவர் சொன்னதை நான் நம்புகிறேன். ஆனால் அதைப் படிக்கும்போதெல்லாம் எனக்குக் கோபம் வருகிறது, அவர் மேல் இல்லை, அந்த விதியைத் தூக்கிக் காட்டியவர்கள் மேல். அவர் தாங்கிக்கொண்டார் என்பதால் அது நியாயமாகிவிடாது. அவர் கதையைச் சொல்லி "பார், டிகிரி இல்லாமலே அவர் சாதிக்கவில்லையா, நீயும் விட்டுவிடு" என்று யாராவது உங்களிடம் சொன்னால் தயவுசெய்து கேட்காதீர்கள். நான் அதற்காக இந்தக் கதையைச் சொல்லவில்லை.

சரி, மேலே என்ன நடந்தது? அதே 1945-ல் வெளிநாட்டில் படிக்க அரசு உதவித்தொகை கிடைத்தது. அவருக்கு ஆசை இயற்பியல் ஆராய்ச்சி, கைக்கு வந்ததோ வானிலைக் கருவிகள் பற்றிய பயிற்சி. போர் வீரர்களை ஏற்றிப்போகிற கப்பலில் லண்டன் போய் இம்பீரியல் கல்லூரியில் சேர்ந்தார். 1948-ல் திரும்பி வந்து புனேயில் வானிலைத் துறையில் சேர்ந்தார். அப்போது நம் நாட்டில் வெப்பமானி, காற்றழுத்தமானி மாதிரி சாதாரண கருவிகூட இங்கிலாந்திலிருந்துதான் வர வேண்டும். அதை இங்கேயே செய்ய வேண்டும் என்று எஸ்.பி.வெங்கடேஸ்வரன் என்ற அதிகாரி ஒரு பட்டறையைத் தொடங்கியிருந்தார். 1953-ல் அந்தப் பிரிவுக்கு அன்னா மணி தலைவரானார், அவருக்குக் கீழே 121 ஆண்கள். மழைமானியிலிருந்து தொடங்கி ஏறக்குறைய நூறு வானிலைக் கருவிகளுக்கு, யார் எடுத்துச் செய்தாலும் ஒரே மாதிரி வரும்படி வரைபடங்களைத் தரப்படுத்தி, உற்பத்தியையும் தொடங்கிவைத்தார்.

1957, 58-ல் உலக நாடுகள் சேர்ந்து சர்வதேச புவி இயற்பியல் ஆண்டு நடத்தியபோது, இந்தியா முழுக்கச் சூரியக் கதிர்வீச்சை அளக்க நிலையங்களை அமைத்தவர் இவர்தான். முதலில் இறக்குமதிக் கருவிகள், சீக்கிரமே இவர் பட்டறையிலேயே செய்தவை. உங்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை, படிக்கிற மற்றவர்களுக்காகச் சொல்கிறேன்: கண்ணாடிக் குமிழுக்குள்ளே கறுப்பு பூசிய ஒரு பரப்பு இருக்கும், வெயில் பட்டால் அது சூடாகும், அந்தச் சூட்டு வித்தியாசம் துளியூண்டு மின்னழுத்தமாக வரும், அதை அளந்தால் எவ்வளவு வெயில் என்று தெரியும். கேட்க எளிது. ஆனால் கறுப்புப் பூச்சு வருஷக்கணக்கில் வெளுக்கும், குமிழில் தூசி படியும், அளவு கொஞ்சம் கொஞ்சமாகக் குறைந்துகொண்டே வரும், யாருக்கும் தெரியாது. அதனால் ஒவ்வொரு கருவியையும் நம்பகமான ஒன்றோடு வைத்து ஒப்பிட்டுச் சரிபார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். தவறாக அளப்பதைவிட அளக்காமல் இருப்பது மேல் என்பது அன்னா மணியின் எண்ணம். இந்த ஒரு விஷயத்தில் அவர் யாருக்கும் விட்டுக்கொடுத்ததில்லை.

ஏன் இவ்வளவு பிடிவாதம் என்பதற்கு உங்கள் ஊர்ப் பக்கத்திலேயே உதாரணம் இருக்கிறது. நாகர்கோவிலிலிருந்து திருநெல்வேலிக்கு ரயிலில் போகும்போது ஆரல்வாய்மொழி தாண்டியதும் ஜன்னல் முழுக்கக் காற்றாலைகள், முப்பந்தல் பக்கம் எண்ணவே முடியாது. காற்றிலிருந்து கிடைக்கிற சக்தி காற்றின் வேகம் × வேகம் × வேகம் என்ற கணக்கைப் பொறுத்தது. ஒரு இடத்தில் காற்று வேகத்தைப் பத்து சதவீதம் கூடுதலாக அளந்துவிட்டால், கிடைக்கப்போகும் சக்தியை 33 சதவீதம் கூடுதலாகக் கணக்குப் போட்டுவிடுவீர்கள். கோடிக்கணக்கில் பணம் போட்டு ஆலை வைத்த பிறகுதான் அது தெரியவரும். அன்னா மணி 1976-ல் வானிலைத் துறையின் துணைத் தலைமை இயக்குநராக ஓய்வு பெற்றார். அதற்குப் பிறகு செய்ததைப் பாருங்கள். இந்தியாவில் எங்கே எவ்வளவு வெயில் என்பதற்கு 1980-லும் 1981-லும் இரண்டு பெரிய நூல்கள். அப்புறம் எழுநூறுக்கும் மேற்பட்ட இடங்களில் காற்று வேகத்தை அளக்கிற பெரிய கணக்கெடுப்பு. பெங்களூரில் காற்றையும் வெயிலையும் அளக்கும் கருவிகள் செய்ய ஒரு சின்ன நிறுவனமும் தொடங்கினார். இந்த நாட்டில் எங்கே காற்றாலை வைக்கலாம், எங்கே சோலார் பலகை போடலாம் என்று இன்று தைரியமாகச் சொல்ல முடிகிறதென்றால், அதற்கு அடியில் அவர் போட்ட அளவுகள் இருக்கின்றன. ஓசோனை அளக்க பலூனில் கட்டி அனுப்பும் கருவியையும், தும்பா ராக்கெட் தளத்தில் விக்ரம் சாராபாய் கேட்டு 1963-ல் அமைத்துக் கொடுத்த வானிலை நிலையத்தையும் பற்றி எழுதினால் பக்கம் போதாது.

1994-ல் பக்கவாதம் வந்தது. 2001 ஆகஸ்ட் 16-ல் திருவனந்தபுரத்தில் காலமானார். 2022-ல் அவருடைய 104-வது பிறந்தநாளுக்குக் கூகுள் முகப்பில் படம் போட்ட அன்றுதான் பல பேர் யார் இவர் என்று தேடிப் பார்த்தார்கள்.

இப்போது உங்கள் விஷயம். ஆறு வருஷம் வீணா என்று கேட்டீர்கள். நீங்கள் ஒரு கருவியைச் செய்திருக்கிறீர்கள், அது அளந்திருக்கிறது, இரண்டு கட்டுரைகள் வந்திருக்கின்றன. பல்கலைக்கழக அலுவலகத்தில் யாரோ போனில் சொன்ன வார்த்தையால் அந்த அளவுகள் மாறிவிடுமா? மாறாது. ஆனால் பட்டம் வேண்டுமா வேண்டாமா என்பது வேறு கேள்வி, அதை நீங்கள்தான் முடிவு செய்ய வேண்டும், மாமியாரோ விசேஷ வீட்டுச் சொந்தக்காரர்களோ இல்லை. மாமியார் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை என்றுதான் எனக்குத் தோன்றுகிறது, நீங்கள் அலைவதைப் பார்த்துச் சொல்லியிருக்கலாம். இன்னும் எத்தனை மாத வேலை பாக்கி, குழந்தையை அந்த நேரத்தில் யார் பார்த்துக்கொள்வது என்று கணக்கோடு அவரிடமும் கணவரிடமும் உட்கார்ந்து பேசுங்கள். டீச்சர் வேலை நல்ல வேலை, விருப்பம் இருந்தால் போங்கள். தீசிஸை விடுவதற்குக் காரணமாக மட்டும் அதை எடுத்துக்கொள்ளாதீர்கள்.

பட்டம் வேண்டும் என்றால், போனில் சொன்னதை முடிவு என்று எடுத்துக்கொள்ளவே கூடாது. அன்னா மணிக்கு எதிராக ஒரு விதி இருந்தது, உங்களுக்கு ஆதரவாகவே விதி இருக்கிறது. பல்கலைக்கழக மானியக் குழுவின் 2016 விதிகளின்படி பிஎச்.டி.க்கு அதிகபட்சம் ஆறு வருஷம், பெண்களுக்கு அதற்கு மேல் இரண்டு வருஷம் தளர்வு தரலாம். 2022 நவம்பரில் வந்த புதிய விதிகளில் மறுபதிவு செய்து இரண்டு வருஷம், பெண்களுக்கு அதற்கு மேலும் இரண்டு, மொத்தம் பத்து வருஷத்தைத் தாண்டாமல். எந்த வருஷம் சேர்ந்தீர்களோ அதற்கேற்ற விதி உங்களுக்கு. இரண்டிலுமே பிரசவத்துக்கும் குழந்தை வளர்ப்புக்கும் 240 நாள் வரை விடுப்பு உண்டு. கல்யாணமாகி வேறு ஊருக்குப் போன ஆராய்ச்சி மாணவி, தன் ஆய்வுத் தரவுகளைப் புதிய ஊர்ப் பல்கலைக்கழகத்துக்கு மாற்றிக்கொள்ளவும் இடம் இருக்கிறது, விதிகளில் உள்ள மற்ற நிபந்தனைகளுக்கு உட்பட்டு. இதில் எதை உங்கள் பல்கலைக்கழகம் கொடுக்கும், எப்படிக் கொடுக்கும் என்று எழுத்தில் கேளுங்கள். பதிவாளருக்கு விண்ணப்பம், கைடு வழியாக ஒரு பிரதி, பதிவுத் தபாலில் இன்னொன்று. முடியாது என்றால் எந்த விதியின்படி முடியாது என்று அவர்களும் எழுத்தில் தரட்டும், அந்தக் காகிதம் இருந்தால்தான் மேல்முறையீடு செய்ய முடியும்.

ஒன்று மட்டும் உங்கள் கடிதத்தில் இல்லை. அந்தக் கருவி இப்போது எங்கே இருக்கிறது? தினமும் அளவு குறித்த நோட்டுகள் யாரிடம்? பழைய ஆய்வகத்து அலமாரியில் என்றால், விண்ணப்பத்துக்கும் முன்னால், வருகிற சனிக்கிழமையே பஸ் ஏறிப் போய், கைடிடம் சொல்லிவிட்டு நோட்டுகளை ஒரு பக்கம் விடாமல் போட்டோ எடுத்துக்கொண்டு வாருங்கள். கருவியின் கண்ணாடியையும் துடைத்து, கறுப்புப் பூச்சு வெளுத்திருக்கிறதா என்று பார்த்து எழுதுங்கள், எனக்கும் தெரிய வேண்டும்.

அன்புடன்,
அக்கா