வாய்தாவுக்குப் போகாததால் அப்பீல் தள்ளுபடி: வழக்கு அவ்வளவுதானா?

அம்பாசமுத்திரம் பக்கத்து வயல் வழக்கில் அப்பா போட்ட அப்பீல், வாய்தா அன்று யாரும் போகாததால் தள்ளுபடியாகிவிட்டது, இனி வழியே இல்லையா என்று கேட்டிருக்கிறீர்கள். இருக்கிறது, ஆனால் உடனே கிளம்ப வேண்டும்.

உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 41 விதி 17-இன்படி, அப்பீல் போட்டவர் தரப்பில் யாரும் ஆஜராகாவிட்டால் கோர்ட் தள்ளுபடி செய்யலாம். ஆனால் ஆள் வராத நிலையில், வயல் யாருக்கு என்பதற்குள் போய் உங்களுக்கு எதிராகத் தீர்ப்பு எழுத முடியாது, அந்த விளக்கம் சட்டத்திலேயே இருக்கிறது, அதனால் முதலில் உத்தரவு நகலை வாங்கி என்ன எழுதியிருக்கிறது என்று பாருங்கள்.

அப்புறம் அதே கோர்ட்டில் விதி 19-இன் கீழ், அப்பீலைத் திரும்பக் கோப்பில் எடுக்கச் சொல்லி மனு போடுங்கள். தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாளுக்குள் போட வேண்டும். தாண்டிவிட்டால் தாமதத்தை மன்னிக்கக் கேட்டுத் தனி மனுவும் வேண்டும். வராத காரணத்தைச் சத்தியம் செய்து சொல்லி மனுவோடு தரும் பிரமாணப் பத்திரத்தில் வெறுமனே "உடல்நிலை சரியில்லை" என்று எழுதாதீர்கள் (எல்லோரும் அதைத்தான் எழுதுகிறார்கள்). பாளையங்கோட்டையில் ஆஸ்பத்திரியில் படுத்திருந்தார் என்றால் டிஸ்சார்ஜ் சீட்டையும் சேர்த்து வையுங்கள். வக்கீல் தேதியைத் தவறவிட்டிருந்தால் அதையும் மறைக்காமல் சொல்லலாம்.

மனுவையும் மறுத்தால் அந்த உத்தரவை எதிர்த்து மேலே போகலாம். கிரிமினல் அப்பீல் வேறு கதை, அதை ஆள் வரவில்லை என்பதற்காக மட்டும் தள்ளக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1996-லேயே சொல்லிவிட்டது.