கால்பந்து வீரர் பால் ஸ்கோல்ஸ் 29 வயதிலேயே இங்கிலாந்து அணியை விட்டு விலகியது ஏன்?

ஐரோப்பிய நாடுகள் மோதும் 2004 யூரோ கோப்பை முடிந்த கையோடு விலகினார். குடும்பத்தோடு நேரம் செலவிட வேண்டும் என்பதுதான் அவர் சொன்ன காரணம். ஆனால் அந்தத் தொடரில் பயிற்சியாளர் எரிக்சன் அவரை எங்கே ஆடவைத்தார் என்பதையும் பார்க்க வேண்டும். நடுவில் ஜெரார்ட், லாம்பார்ட் இருவருக்கும் இடம் தர, ஸ்கோல்ஸ் இடது பக்கம் ஒதுக்கப்பட்டார். ஓட்ட வேகம் அவருடைய பலம் அல்ல. பந்து காலுக்கு வருமுன்பே அடுத்த பாஸ் எங்கே என்று தெரிந்து வைத்திருப்பதுதான் பலம். அதை ஓரத்தில் நிறுத்தி வீணடித்தார்கள் என்றே நான் நினைக்கிறேன். 66 ஆட்டம், 14 கோலோடு அவருடைய இங்கிலாந்துக் கணக்கு முடிந்தது.

அவருடைய கிளப்பான மான்செஸ்டர் யுனைடெட்டில் கதையே வேறு. அங்கே பயிற்சியாளர் ஃபெர்குசன் அவரை ஆட்டத்தின் மையத்திலேயே வைத்திருந்தார். ஐரோப்பிய கிளப்புகள் மோதும் சாம்பியன்ஸ் லீக்கின் 2008 அரையிறுதியில் பார்சிலோனாவுக்கு எதிராகத் தூரத்திலிருந்து அவர் அடித்த ஒரே கோல்தான் அணியை இறுதிப் போட்டிக்குக் கொண்டுபோனது. 2011-இல் ஓய்வு பெற்றவரை 2012 ஜனவரியில் திரும்ப அழைத்தார்கள். அப்புறம் 2013-இல், இங்கிலாந்தின் முதல்நிலை லீக்கான பிரீமியர் லீக்கில் 11 பட்டங்களோடு, நிரந்தரமாக விடைபெற்றார். வேறு எந்த கிளப்புக்கும் அவர் தொழில்முறையில் ஆடவே இல்லை.