விண்டோஸில் ஒரு மென்பொருளைத் திறந்தால் ‘விசிரன்டைம்140.டிஎல்எல் காணவில்லை’ என்று வருகிறது. அந்தக் கோப்பை எங்கே இறக்கி, எந்த ஃபோல்டரில் போட வேண்டும்?

அந்த ஒரு கோப்பை மட்டும் எங்கிருந்தும் இறக்காதீர்கள். அது எந்தத் தொகுப்பைச் சேர்ந்ததோ அந்தத் தொகுப்பையே நிறுவுங்கள். உங்கள் விஷயத்தில் அது மைக்ரோசாஃப்ட் இலவசமாகத் தரும் ‘விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்’. அவர்கள் தளத்திலிருந்தே எடுத்துக்கொள்ளுங்கள். பெரும்பாலும் இதோடு வேலை முடிந்துவிடும்.

சரி, ஏன் இப்படி வருகிறது? டிஎல்எல் என்பது பல மென்பொருள்கள் பொதுவாகப் பயன்படுத்தும் நிரல் கோப்பு. நினைவகம் ஒதுக்குவது, திரையில் சாளரம் வரைவது போன்ற வேலைகளுக்கான நிரலை ஒவ்வொரு மென்பொருளும் தனியாகச் சுமப்பதில்லை. தேவைப்படும் டிஎல்எல்லின் பெயரைத் தனக்குள் குறித்து வைத்திருக்கும், அவ்வளவுதான். நீங்கள் திறக்கும்போது விண்டோஸ் அந்தப் பெயரைத் தேடிப் போகும். பொதுவாக முதலில் மென்பொருள் இருக்கும் ஃபோல்டர், அப்புறம் விண்டோஸின் சொந்தக் கோப்புகள் இருக்கும் சிஸ்டம்32, விண்டோஸ் ஃபோல்டர், கடைசியில் ‘பாத்’ என்ற, தேட வேண்டிய ஃபோல்டர்களின் பட்டியலில் உள்ள இடங்கள். எங்கும் அகப்படவில்லை என்றால்தான் நீங்கள் பார்த்த அந்த அறிவிப்பு.

எந்தத் தொகுப்பு என்பதற்குக் கோப்பின் பெயரிலேயே துப்பு உண்டு. 140 என்றால் விஷுவல் ஸ்டூடியோ என்ற மைக்ரோசாஃப்டின் மென்பொருள் உருவாக்கும் கருவியில் 2015 முதல் வந்த பதிப்புகளுக்குப் பொதுவான தொகுப்பு. எம்எஸ்விசிஆர்120 என்றால் 2013, 110 என்றால் 2012, 100 என்றால் 2010. இவற்றில் ஒன்று இன்னொன்றின் வேலையைச் செய்யாது. ‘புதுசு இருக்கிறதே, பழசு எதற்கு’ என்று கன்ட்ரோல் பேனலில் வரிசையாக நீக்குகிறவர்களுக்குத்தான் பாதி நேரம் இந்தப் பிழை வருகிறது என்பது என் சந்தேகம். பழைய விளையாட்டுகள் டி3டிஎக்ஸ்9_43 என்று கேட்டால், வேண்டியது 2010 ஜூன் மாத டைரக்ட்எக்ஸ் ரன்டைம், அதாவது விளையாட்டுகளின் படம், ஒலிக்கான மைக்ரோசாஃப்ட் தொகுப்பு. விண்டோஸ் 10-இல் டைரக்ட்எக்ஸ் 12 இருந்தாலும் இதைத் தனியாகத்தான் நிறுவ வேண்டும்.

32 பிட்டா, 64 பிட்டா என்பதில் பலரும் தடுக்கி விழுகிறார்கள். உங்கள் விண்டோஸ் 64 பிட் என்பது இங்கே போதாது; திறக்கிற மென்பொருள் எது என்பதே கணக்கு. தெரியாவிட்டால் எக்ஸ்86 (32 பிட்), எக்ஸ்64 (64 பிட்) இரண்டையும் நிறுவிவிடுங்கள், கெடுதல் இல்லை. 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகள் இருப்பது சிஸ்வாவ்64-இல். பெயரை வைத்தவர்களைத்தான் கேட்க வேண்டும்! கையால் கோப்பை மாற்றிப் போட்டால் ‘காணவில்லை’ போய், 0எக்ஸ்சி000007பி என்ற புதுப் பிழை வந்து நிற்கும்.

டிஎல்எல்லை ஒற்றைக் கோப்பாகத் தரும் தளங்கள் வேண்டாம் என்பதற்கு இன்னொரு காரணம், டிஎல்எல்லுக்குள் இருப்பதும் ஓடுகிற நிரல்தான். அதை ஏற்றும் மென்பொருளுக்கு என்ன அனுமதி இருக்கிறதோ அத்தனையும் அதற்கும் கிடைக்கும். யார் தொட்டு மாற்றிய கோப்பு என்று உங்களால் கண்டுபிடிக்க முடியாது. கூடவே ‘ரெக்எஸ்விஆர்32 ஓட்டுங்கள்’ என்றும் சொல்வார்கள். அது ‘காம்’ (மென்பொருள்கள் ஒன்றின் பகுதியை மற்றொன்று பயன்படுத்த மைக்ரோசாஃப்ட் வகுத்த முறை) வகை டிஎல்எல்களை விண்டோஸில் பதிவு செய்வதற்கான கட்டளை. விசிரன்டைமுக்கு ஒரு பயனும் இல்லை.

தொகுப்பை நிறுவியும் சரியாகவில்லையா? ஆன்டிவைரஸ் சந்தேகப்பட்டு ஒதுக்கி வைத்த கோப்புகளின் குவாரன்டைன் பட்டியலைப் பாருங்கள். காணாமல் போனது மென்பொருளின் சொந்த டிஎல்எல் என்றால் மென்பொருளையே மறுபடி நிறுவுங்கள். விண்டோஸின் சொந்தக் கோப்பு என்றால், நிர்வாகி அனுமதியோடு கமாண்ட் பிராம்ப்ட்டைத் திறந்து, விண்டோஸ் கோப்புகளைப் பழுதுபார்க்கும் இரண்டு கட்டளைகளை ஓட்டுங்கள்: முதலில் டிஐஎஸ்எம் கட்டளையின் ‘ரீஸ்டோர்ஹெல்த்’, அப்புறம் எஸ்எஃப்சி கட்டளையின் ‘ஸ்கேன்நவ்’. கோப்பு கண்ணெதிரே இருந்தும் ‘மாட்யூல் கிடைக்கவில்லை’ என்று வந்தால், அந்தக் கோப்பு நம்பியிருக்கும் வேறொரு டிஎல்எல் இல்லை என்று பொருள். ‘டிபென்டன்சீஸ்’ என்ற இலவசக் கருவியில் திறந்தால் எது என்று தெரிந்துவிடும்.

லினக்ஸ்காரர்களுக்கும் இதே கதைதான், கோப்பின் பின்னொட்டு மட்டும் ‘எஸ்ஓ’. எல்டிடி கட்டளை கொடுத்தால் எது கிடைக்கவில்லை என்று வரிவரியாகக் காட்டும். அதற்குரிய பேக்கேஜை நிறுவினால் போதும். நம்பகமில்லாத நிரலின் மேல் மட்டும் எல்டிடியை ஓட்டாதீர்கள், சில சமயம் அது அந்த நிரலையே இயக்கிவிடக்கூடும்.